நக்கீரராக நடித்தவர் நடிகரா, எழுத்தாளரா? ஏ.பி. நாகராஜன் பற்றி ஒரு விரிவான பதில்

‘திருவிளையாடல்’ படத்தில் நக்கீரராக வருபவர்தான் அந்தப் படத்தை எழுதி இயக்கிய ஏ.பி. நாகராஜன் என்று இப்போதுதான் தெரிந்தது, அவர் முறையாக நடிப்புப் பழகியவரா, இல்லை சொந்தப் படம் என்பதால் ஒரு வேடத்தை எடுத்துக்கொண்டாரா என்று கேட்டிருக்கிறீர்கள். கடைசி வரியில், நீங்களும் திருமங்கலத்தில் நண்பர்களோடு குறும்படங்களுக்கு வசனம் எழுதுவதாகவும், எழுதுகிறவன் நடிக்கவும் செய்தால் எழுத்து கெட்டுப்போகுமா என்றும் கேட்டிருக்கிறீர்கள். நீங்கள் உண்மையில் கேட்க வந்தது இந்தக் கடைசி வரி என்றுதான் எனக்குப் படுகிறது. இரண்டுக்கும் சேர்த்தே பதில் சொல்கிறேன், ஏனென்றால் அவருடைய வாழ்க்கையில் இரண்டுக்கும் ஒரே விடைதான் இருக்கிறது. அவர் முதலில் நடிகர். பேனா பிறகு வந்தது, இயக்கம் அதற்கும் பிறகு. நான் மதுரையில் கல்லூரிப் பிள்ளைகளுக்குப் பல வருடமாக நாடகம் பழக்குகிறவன், இந்தப் பக்கத்து ஸ்பெஷல் நாடகக் (தனித்தனிக் கலைஞர்களை அமர்த்தி ஊர்த் திருவிழாக்களில் ராத்திரி முழுக்க நடத்துவது) கலைஞர்களோடு நெருங்கிப் பழகியவன். அதனால் மேடை பற்றிச் சொல்வதைத் தைரியமாகச் சொல்வேன். அவர் மனதில் என்ன நினைத்து எதைச் செய்தார் என்பது என் ஊகமாக இருந்தால் ஊகம் என்றே சொல்லிவிடுகிறேன்.

நாகராஜன் 1928-ல் சேலம் மாவட்டம் சங்ககிரிப் பக்கம் அக்கம்மாபேட்டையில் பிறந்தவர். சின்னப் பையனாக இருக்கும்போதே டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் குழுவில் சேர்ந்தார், அங்கே பெண் வேடங்கள் கட்டினார். இங்கேதான் நம் ஊர் உள்ளே வருகிறது. தமிழ் நாடக ஆசிரியர்களில் முன்னோடியான சங்கரதாஸ் சுவாமிகள் 1918-ல் மதுரையில் தத்துவ மீனலோசனி வித்வ பால சபா என்று சிறுவர்களை வைத்து ஒரு குழுவைத் தொடங்கினார். டி.கே.எஸ். சகோதரர்களான டி.கே. சண்முகமும் அவர் அண்ணன் தம்பிகளும் பால பாடம் படித்தது அந்தக் குழுவில்தான். பின்னால் அவர்கள் சொந்தமாக வைத்த சபாவுக்கும் மதுரை ஸ்ரீ பால ஷண்முகானந்த சபா என்று ஊர்ப்பெயரை முன்னால் போட்டுக்கொண்டார்கள். ஆக, நாகராஜன் சேலத்துப் பிள்ளைதான் என்றாலும், மேடையில் அவர் சங்கரதாஸ் சுவாமிகளுக்குப் பேரப்பிள்ளை முறை. இதைத் தெரிந்துகொள்ளாமல் அவர் வசனத்தைப் படித்தால் ‘அந்தக் காலத்துச் செந்தமிழ்’ என்று ஒற்றை வரியில் ஒதுக்கிவிடத் தோன்றும். அப்படி ஒதுக்குகிறவர்களைப் பார்த்தால் எனக்கு வருத்தமாகத்தான் இருக்கும்.

பாய்ஸ் கம்பெனி என்று சொல்லப்பட்ட இந்தச் சிறுவர் நாடகக் குழுக்களில் பையன்கள் எப்படி வளர்ந்தார்கள் என்பதைக் கொஞ்சம் விரித்துச் சொல்ல வேண்டும். அங்கே நாடகத்தை எழுதுகிறவரே பாடமும் சொல்லிக்கொடுப்பார், அவருக்குப் பெயர் வாத்தியார். தன் வேடத்துப் பாடத்தை மட்டும் நெட்டுருப் போட்டால் போதாது. ஒருவனுக்குக் காய்ச்சல் வந்தால் இன்னொருவன் அன்று ராத்திரியே அந்த வேடத்தைக் கட்டியாக வேண்டும், அதனால் பக்கத்தில் நிற்பவனின் பாடமும் காதில் ஏறிக்கொண்டே இருக்கும். இப்படி ஒரே நாடகத்தை உள்ளிருந்து நாலைந்து பேராகப் பார்த்த பையனுக்கு, எந்த இடத்தில் சபை சிரிக்கும், எந்த இடத்தில் இருமத் தொடங்கும், ஒரு வாக்கியம் எத்தனை நீளம் போனால் மூச்சு வாங்கும் என்பதெல்லாம் யாரும் சொல்லாமலே தெரிந்துவிடும். அப்புறம் மகரக்கட்டு. குரல் உடையும் வயது வந்ததும் பெண் வேடம் கைவிட்டுப் போகும், பாட்டு போகும், சிலருக்குப் பிழைப்பே போய்விடும். அந்த நேரத்தில் பலர் திரைக்குப் பின்னால் போனார்கள், சிலர் ஊருக்கே திரும்பிவிட்டார்கள், கொஞ்சம் பேர் எழுத உட்கார்ந்தார்கள். நாகராஜன் எழுத உட்கார்ந்தவர்களில் ஒருவர், ஆனால் மேடையை விட்டுவிட்டு உட்காரவில்லை.

அவர் எழுதிய ‘நால்வர்’ என்ற நாடகம் 1953-ல் படமானபோது கதை வசனமும் அவரே, கதாநாயகனும் அவரே. அடுத்தடுத்து ‘மாங்கல்யம்’, ‘நல்ல தங்காள்’, ‘பெண்ணரசி’ என்று ஐம்பதுகளின் நடுவில் அவர் முகம் திரையில் வந்துகொண்டிருந்தது. அதே நேரத்தில் தான் நடிக்காத படங்களுக்கும் எழுதினார். எம்.ஏ. வேணு தயாரித்து கே. சோமு இயக்கிய ‘டவுன் பஸ்’ 1955-ல் வந்தது, எழுத்து நாகராஜன். அதைப் பார்த்தால் புராண வசனக்காரர் என்று நாம் ஒட்டிவைத்திருக்கும் சீட்டு கழன்று விழும். டிரைவர், கண்டக்டர், பயணிகள் என்று தெருவில் பேசுகிற மனிதர்கள்தான் அதில் பேசுகிறார்கள். ‘மக்களைப் பெற்ற மகராசி’ 1957-ல். வி.கே. ராமசாமியோடு சேர்ந்து அவர் தயாரித்த படம், ‘மணப்பாறை மாடு கட்டி’ என்ற பாட்டால் இன்றைக்கும் ஞாபகம் இருக்கிற படம். சிவாஜியை அதில் கொங்குத் தமிழ் பேசவைத்தார். பராசக்தி பாணி அடுக்குமொழி உச்சத்தில் இருந்த காலத்தில், அந்த அடுக்குமொழிக்காகவே பேர் வாங்கிய நடிகரிடம் போய் ‘இந்தப் படத்தில் எங்கள் ஊர் மாதிரிப் பேசுங்கள்’ என்று சொல்வதற்கு எழுதுகிறவனுக்குத் தன் காதின் மேல் நிறைய நம்பிக்கை வேண்டும். அந்தக் காது மேடையில் தயாரானது என்றுதான் நான் நினைக்கிறேன்.

கதாநாயகனாக அவர் ஏன் நீடிக்கவில்லை என்பதற்கு ஆளாளுக்கு ஒரு காரணம் சொல்வார்கள். படங்களை வரிசையாகப் பார்க்கிறவர்களுக்குக் கண்ணில் படுவது இதுதான்: ஐம்பதுகளின் பின்பாதியில் சிவாஜி மாதிரி ஒருவருக்கு எழுதும் வாய்ப்பு அவருக்குத் தொடர்ந்து கிடைத்தது, அதன் பிறகு அவர் தனக்காகக் கதாநாயக வேடங்களை எழுதிக்கொள்வது குறைந்து நின்றேபோனது. 1956-ல் ‘நான் பெற்ற செல்வம்’, 1958-ல் ‘சம்பூர்ண ராமாயணம்’ இரண்டுக்கும் எழுத்து அவர்தான். ராமாயணத்தில் என்.டி. ராமராவ் ராமர், சிவாஜி பரதன், ராவணன் யார் தெரியுமா? டி.கே. பகவதி. நாகராஜன் சின்னப் பையனாக வேடம் கட்டிய குழுவின் சகோதரர்களில் ஒருவர். அந்த ராவணனை அழகாகவும் இசை தெரிந்தவனாகவும் கம்பீரமாகவும் எழுதிக்கொடுத்திருக்கிறார். யார் வாயில் எந்தச் சொல் நிற்கும் என்று பக்கத்தில் நின்று கேட்டவன் எழுதிய எழுத்து அது.

இயக்குநராக முதல் படம் 1962-ல் ‘வடிவுக்கு வளைகாப்பு’. அடுத்த வருடம் அகிலனின் நாவலை ‘குலமகள் ராதை’ ஆக்கினார். 1964-ல் ‘நவராத்திரி’, சிவாஜியின் நூறாவது படம், ஒன்பது வேடம். எல்லோரும் அந்த ஒன்பதைத்தான் பேசுவார்கள், நான் என் மாணவர்களிடம் அதில் வரும் கூத்துக் காட்சியைப் பார்க்கச் சொல்வேன். சிவாஜியும் சாவித்திரியும் சத்தியவான் சாவித்திரி ஆடுகிற இடம். கிண்டலுக்காக வைக்கப்பட்ட கூத்து இல்லை அது. அந்த மேடை எப்படி ஓடும், ஆட வந்தவர் எப்படி நுழைவார், பாட்டிலிருந்து பேச்சுக்கு எப்படி இறங்குவார் என்று தெரிந்தவர் எழுதிய காட்சி. சினிமாவில் நாடகக்காரர்களை நகைப்புக்கு வைப்பது வழக்கமாகிவிட்ட நிலையில், நாகராஜன் அவர்களை எப்போதும் மரியாதையோடுதான் வைத்தார். ‘தில்லானா மோகனாம்பாள்’ படத்து ஜில் ஜில் ரமாமணியை நினைத்துப் பாருங்கள். எவ்வளவு சிரிக்கவைத்தாலும் அந்த அம்மாளை நம்மால் இளக்காரமாக நினைக்க முடியாது.

சரி, நக்கீரருக்கு வருவோம். ‘திருவிளையாடல்’ 1965-ல் வந்தது. பரஞ்சோதி முனிவரின் புராணத்தில் இருக்கும் அறுபத்து நான்கு படலங்களையும் எடுக்க முடியாது, எடுக்கவும் இல்லை. தருமிக்குப் பொற்கிழி, வலை வீசியது, பாணபத்திரருக்காக விறகு விற்றது என்று சிலவற்றை மட்டும் தொடுத்துக்கொண்டார். நம் ஊர் ஆவணி மூலத் திருவிழாவில் வருடா வருடம் நடக்கும் லீலைகளில் பொற்கிழியும் விறகு விற்றதும் உண்டு, பிட்டுக்கு மண் சுமந்ததுதான் எல்லாவற்றையும்விடப் பெரிய கூட்டம். ஆனால் அதை விட்டுவிட்டுத் தருமியை முதல் கதையாக வைத்தார். தருமி கதையில் அவருக்கு ரொம்ப நாள் கண். ‘நான் பெற்ற செல்வம்’ எழுதியபோதே நக்கீரன் வாதத்தைப் படத்துக்குள் ஒரு நாடகமாக வைத்துப் பார்த்துவிட்டார், அதில் சிவாஜி நடித்தார்.

இந்தக் காட்சியை மதுரைக்காரர்கள் வேறு ஒரு கண்ணால் பார்க்க வேண்டும். எங்கள் பக்கத்து ஸ்பெஷல் நாடகத்தில் தர்க்கம் என்று ஒன்று உண்டு. வள்ளி திருமணத்தில் வள்ளியும் நாரதரும் பாட்டாலும் கேள்வியாலும் மோதிக்கொள்வார்கள். சத்தியவான் சாவித்திரியில் எமனும் சாவித்திரியும். மேலூர்ப் பக்கம் ஒரு கோயில் கொடையில் பார்த்த ஒரு தர்க்கம் இன்னும் என் கண்ணில் நிற்கிறது: நாரதர் ஒரு கேள்வியைப் போட்டுவிட்டு ஒரு அடி பின்னால் போய்விட்டார், ஆர்மோனியக்காரர் சுருதியை மட்டும் பிடித்தபடி ஒன்றும் வாசிக்காமல் காத்திருந்தார், வள்ளியாக வந்த அம்மாள் உடனே பதில் சொல்லவில்லை. சேலைத் தலைப்பைச் சரிசெய்தார், மிருதங்கக்காரரை ஒருமுறை பார்த்தார், அதற்குள் சபையில் பாதிப் பேர் பதிலை மனசுக்குள் சொல்லிவிட்டார்கள், அப்புறம்தான் வாயைத் திறந்தார். தர்க்கத்தில் ஜெயிக்கிறவருக்கு நல்ல கேள்வி போதும். தோற்கப்போகிறவர்தான் காட்சியைத் தாங்க வேண்டும். எதிராளி சோப்ளாங்கியாக நின்றால் ஜெயித்தவருக்கும் மரியாதை கிடையாது. ராஜபார்ட்டுக்கு (கதாநாயகன் வேடம்) எதிரே யார் ஸ்திரீபார்ட் (கதாநாயகி வேடம்) என்று கேட்டுவிட்டுத்தான் நாடகத்துக்கு நாள் குறிப்பார்கள், காரணம் இதுதான்.

இப்போது படத்தைத் திரும்பப் போட்டுப் பாருங்கள். கொங்குதேர் வாழ்க்கை பாட்டு குறுந்தொகையின் இரண்டாவது பாட்டு, இறையனார் பேரில் இருக்கிறது. பெண்ணின் கூந்தலுக்கு இயற்கையில் மணம் உண்டா என்ற வாதம் புராணத்தில் இருக்கிறது. நக்கீரனின் குலத்தைச் சொல்லிச் சிவன் ஏசுவதும், சங்கறுப்பது எங்கள் குலம், சங்கரனார்க்கு ஏது குலம் என்று நக்கீரன் திருப்புவதும் பழைய தனிப்பாடல்களில் உள்ளவை, நாகராஜன் இயற்றியவை அல்ல. இது உறுதி. அப்படியானால் அவர் செய்தது என்ன? ஏற்பாடு. முதலில் தருமியை உள்ளே விட்டுச் சிரிக்கவைக்கிறார், பரிசு கைக்கு வரும் நேரத்தில் நக்கீரனை வைத்துத் தடுக்கிறார், தருமி அழுதுகொண்டே போகிறான், அப்புறம்தான் சிவாஜி புயலாக நுழைகிறார். அந்த நேரம் சபை முழுக்கத் தருமி பக்கம் இருக்கிறது, சிவன் பக்கம் இருக்கிறது, நக்கீரன் ஒரு ஏழையின் பரிசைத் தடுத்த ஆள். அங்கேயிருந்து, கொஞ்சம் கொஞ்சமாக, குரலை ஏற்றாமல், ‘இந்த ஆள் சொல்வதும் நியாயம்தானே’ என்று நம்மை நினைக்கவைக்க வேண்டும். எதிரே நிற்பது சிவாஜி, அதுவும் சிவனாக. புருவத்தைத் தூக்கினாலே கொட்டகை அவர் பக்கம் சாயும் காலம் அது.

இப்படி ஒரு வேடத்தில் இன்னொரு பெரிய நட்சத்திரத்தைப் போட்டால் காட்சி போட்டியாகிவிடும், சின்ன நடிகரைப் போட்டால் கால் நிமிடத்தில் காணாமல் போய்விடுவார். தர்க்கத்தின் ஓட்டம் தெரிந்த, கைதட்டலை எதிராளிக்கு விட்டுக்கொடுக்கத் தெரிந்த ஆள் வேண்டும். அதனால்தான் அவரே நின்றார் என்பது என் ஊகம். ஆனால் திரையில் தெரிவது ஊகமில்லை: சிவாஜி நடந்து, திரும்பி, கையை வீசிப் பேசும் இடத்திலெல்லாம் நாகராஜன் அதிகம் அசைவதில்லை. வாக்கியத்தை அவசரப்படாமல் முடிக்கிறார், எதிராளி பேசி முடித்ததும் ஒரு கணம் விட்டுத்தான் தொடங்குகிறார். சொந்தப் படத்தில் சொந்த வேடம் என்றால் சிரிப்பும் கைதட்டும் பாட்டும் உள்ள வேடத்தைத்தானே ஒருவர் எடுத்துக்கொள்வார்? சிரிப்பை நாகேஷுக்குக் கொடுத்தார், பாட்டை டி.ஆர். மகாலிங்கத்துக்கும் (நம் சோழவந்தான் தென்கரைக்காரர்) பாலையாவுக்கும் கொடுத்தார், மற்றதெல்லாம் சிவாஜிக்கு. மிச்சம் இருந்த, யாரும் கேட்டு வாங்க மாட்டாத வேடத்தைத் தான் வைத்துக்கொண்டார். இரண்டு வருடம் கழித்து ‘கந்தன் கருணை’யில் மறுபடி நக்கீரர் வருகிறார், அப்போது அந்த வேடம் சீர்காழி கோவிந்தராஜனுக்கு. அங்கே நக்கீரர் பாட வேண்டும், அதனால் பாடகர். தன் முகம் வேண்டிய இடத்தில் மட்டும் வைத்து, வேண்டாத இடத்தில் எடுத்துவிட்ட மனிதர் என்பதற்கு இதைவிட நல்ல சாட்சி எனக்குத் தெரியாது.

தருமி பற்றி உலவும் கதைகளையும் கேட்பீர்கள். நாகேஷ் தனியாகப் புலம்பும் இடம் அவரே அந்த இடத்தில் சேர்த்தது, காட்சியை வெட்டிவிடுவார்கள் என்று அவர் பயந்தார், சிவாஜிதான் இருக்கட்டும் என்றார் என்றெல்லாம் சொல்வார்கள். திரைத்துறையில் வாய்வழியாக வந்த செய்திகள் இவை, பலரும் சொல்லியிருப்பதால் அடியோடு தள்ள வேண்டியதில்லை, அதற்காகச் சொல்லுக்குச் சொல் நம்பவும் வேண்டாம். எது எழுதியது, எது நாகேஷ் சேர்த்தது என்று திரையைப் பார்த்துப் பிரிக்க யாராலும் முடியாது. ஒன்று மட்டும் தெளிவு: நடிகன் சொந்தமாக விளையாட ஒரு இடம் விட்டு எழுதப்பட்ட காட்சி அது. நடித்துப் பழகாத எழுத்தாளர்கள் அந்த இடத்தை விட மாட்டார்கள், கடைசிச் சொல் வரை தாங்களே நிரப்பிவிடுவார்கள்.

எல்லா எழுத்தாள நடிகர்களும் இதே பாதையில் வந்தவர்கள் என்று நினைத்துவிடாதீர்கள். ஜாவர் சீதாராமன் 1954-ல் ‘அந்த நாள்’ படத்துக்கு எழுதி அதிலேயே துப்பறியும் அதிகாரியாகவும் வந்தார். ‘வீரபாண்டிய கட்டபொம்மன்’ படத்தில் பானர்மேன், ‘பட்டணத்தில் பூதம்’ படத்தில் பூதம் என்று அவர் நடிப்பு வேறு ரகம், எழுத்திலும் கதையின் முடிச்சுதான் பலம். ‘தில்லானா மோகனாம்பாள்’ நாவலை எழுதிய கொத்தமங்கலம் சுப்பு ஒரு காலத்தில் கதாநாயகனாகவே நடித்தவர். அந்த நாவலை நாகராஜன் படமாக்கியபோது, நடிக்கத் தெரிந்த ஒருவர் எழுதியதை நடிக்கத் தெரிந்த இன்னொருவர் சுருக்கினார். அவ்வளவு நீளத் தொடர்கதையிலிருந்து வைத்தியையும் ஜில் ஜில்லையும் விடாமல் பிடித்துக்கொண்டதில் அது தெரிகிறது.

எழுபதுகளில் அவருக்கு முன்போல வெற்றிகள் இல்லை. 1973-ல் ‘ராஜராஜ சோழன்’ தமிழின் முதல் சினிமாஸ்கோப் படம். அரு. ராமநாதன் எழுதி டி.கே.எஸ். குழு மேடையேற்றிய நாடகம்தான் அது. 1974-ல் எடுத்த ‘குமாஸ்தாவின் மகள்’ கதையும் அதே குழுவின் பழைய நாடகம். தான் வளர்ந்த வீட்டுக்குத் திரும்பத் திரும்பப் போய்க்கொண்டே இருந்தார். எனக்கு ‘ராஜராஜ சோழன்’ படத்தில் முழுத் திருப்தி கிடையாது. அகலத் திரை வந்தபோது ஆட்கள் மேடையில் நிற்கிற மாதிரி வரிசையாக நிற்கிறார்கள், மேடை அறிவு அவருக்குக் கைகொடுக்காமல் காலைப் பிடித்து இழுத்த இடம் அது. 1977-ல் எம்.ஜி.ஆரை வைத்து ‘நவரத்தினம்’ வந்தது, அந்த வருடமே காலமானார். ஐம்பது வயது ஆகவில்லை.

உங்கள் கேள்விக்கு வருகிறேன். நடித்தால் எழுத்து கெடாது, தனக்காகவே எழுதத் தொடங்கினால்தான் கெடும். உங்கள் குறும்படத்தில் உங்களுக்கு ஒரு வேடம் வேண்டுமென்றால், எல்லோருக்கும் கொடுத்த பிறகு மிஞ்சுகிற, காட்சியைத் தாங்கிப் பிடிக்கிற வேடமாகப் பாருங்கள். வசனத்தை எழுதியதும் உட்கார்ந்து படிக்காமல் நின்று, நடந்து, சத்தமாகச் சொல்லிப் பாருங்கள். மூச்சு எங்கே முட்டுகிறதோ அங்கே வாக்கியத்தை உடையுங்கள். எதிராளியின் வசனத்தையும் நீங்களே அதே மனதோடு சொல்லிப் பாருங்கள், அவன் பக்கம் நியாயம் இல்லாமல் எழுதியிருந்தால் அப்போதே நாக்கு சொல்லிவிடும். பங்குனி முதல் வைகாசி வரை மேலூர், சிவகங்கை, திண்டுக்கல் பக்கமெல்லாம் கொடைகளில் வள்ளி திருமணம் போடுவார்கள். பபூன், டான்ஸ் முடிந்ததும் கூட்டம் கலையும், நீங்கள் கிளம்பிவிடாதீர்கள். நடுநிசிக்கு மேல்தான் நாரதர் வருவார், ஆர்மோனியப் பெட்டிக்குப் பக்கமாக இடம் பிடித்துத் தர்க்கம் முடியும் வரை இருங்கள், கையில் ஒரு நோட்டும் வைத்துக்கொள்ளுங்கள்.